கணினியில் விரியும் மலைப்பாதை

பெங்களூரிலிருந்து மங்களூர் செல்லும் தொடர்வண்டி, சக்லேஷ்பூரைக் கடந்ததும் மேற்குத் தொடர்ச்சி மலையில் இறங்கத் தொடங்குகிறது. சுப்ரமண்யா சாலை நிலையம் வரை ஏறத்தாழ 55 கிலோமீட்டர் தொலைவு. இடையில் 57 குகைப்பாதைகள். இம்மலைப்பாதையைக் கணினியில் மீண்டும் படைக்க இயலுமா? இயலும். 2001ஆம் ஆண்டு வெளிவந்த மைக்ரோசாஃப்ட் டிரெயின் சிமுலேட்டர் என்னும் விளையாட்டு, புதிய பாதைகளை அமைக்கும் கருவியையும் உடன் வழங்கியது. அவ்வாறு அமைத்த பாதைகளில் வண்டி ஓட்ட உதவும் ஓப்பன் ரெயில்ஸ் மென்பொருள் இன்று கட்டணமின்றிக் கிடைக்கிறது.

முதற்பணி நிலத்தை அமைப்பது. 2000ஆம் ஆண்டு எண்டெவர் விண்வெளி ஓடம், ரேடாரின் துணையால் புவியின் நிலப்பரப்பில் பெரும்பகுதியை அளந்தது. அத்தரவு ஏறத்தாழ 30 மீட்டருக்கு ஒரு புள்ளியாக நிலத்தின் உயரத்தைத் தருகிறது. மலையும் பள்ளத்தாக்கும் அதிலிருந்து உருப்பெறும். ஆயினும், மேற்பரப்பை மட்டுமே அத்தரவு அறியும்; மலையின் உள்ளே செல்லும் குகைப்பாதையை அறியாது. அதனை அப்படியே நம்பித் தண்டவாளம் இட்டால், வண்டி மலையைக் குடைந்து செல்லாமல் மலைமீது ஏறிவிடும்! எனவே குகையையும் பாலத்தையும் படைப்பவரே தம் கையால் அமைத்தல் வேண்டும்.

அடுத்தது சரிவு. இப்பாதையின் சரிவு 50க்கு 1. அதாவது, 50 மீட்டர் சென்றால் 1 மீட்டர் உயரம் மாறும். கண்ணுக்கு இது சிறிதாகத் தோன்றும். ஆனால் 1,000 டன் எடையுள்ள வண்டியை இச்சரிவு 20 டன் எடைக்கு நிகரான விசையுடன் கீழ்நோக்கி இழுக்கும். இச்சரிவைத் தவறுதலாக 100க்கு 1 என அமைத்தால், அவ்விசை பாதியாகக் குறைந்துவிடும். மரங்களும் நிலையங்களும் எவ்வளவு அழகாக இருப்பினும், அந்த உலகம் பொய்யாகிவிடும். உண்மையான ஓட்டுநர் படும் பாட்டை விளையாடுபவர் உணரமாட்டார்.

இம்முயற்சிக்கு மற்றொரு பயனும் உண்டு. இங்கு முதலில் இருந்தது மீட்டர் பாதை. அது 1996இல் மூடப்பட்டு அகலப்பாதையாக மாற்றப்பட்டது. பயணிகள் வண்டி மீண்டும் ஓடியது 2007ஆம் ஆண்டின் இறுதியில்தான். மறைந்துபோன அப்பழைய பாதையில் இனி எவரும் பயணம் செய்ய இயலாது. பழைய நிழற்படங்களையும் முதியோர் நினைவுகளையும் திரட்டி அதனைக் கணினியில் அமைப்பவர், ஒரு வரலாற்று ஆவணத்தையே படைக்கிறார்.

மாணவர்களே! உங்கள் ஊர்த் தொடர்வண்டி நிலையத்தைக் கணினியில் அமைப்பதாயின், எவற்றையெல்லாம் உற்றுநோக்கிக் குறித்துக்கொள்வீர்கள்? நடைமேடையில் பாதுகாப்பாக நின்றபடியே பட்டியலிட்டுப் பாருங்கள். நாள்தோறும் கண்டும் காணாமல் கடந்தவை பல அப்பட்டியலில் இடம்பெறும்.