முதல் பேசும் படத்துக்குக் கதை எழுதிய யூதர்!

1931-ம் ஆண்டு மார்ச் 14-ந் தேதி. பம்பாய் "மெஜஸ்டிக்" தியேட்டரில் கூட்டம் அலை மோதியது. "படம் பேசுகிறதாம், பாடுகிறதாம்!" என்று ஜனங்கள் திரண்டு வந்தார்கள்.

அந்தப் படம்தான் "ஆலம் ஆரா". இந்தியாவின் முதல் பேசும் படம். அதை எடுத்தவர், அர்தேஷிர் இரானி என்ற பார்சிக்காரர். கதை எழுதியவர், ஜோசப் டேவிட். அவர் ஒரு யூதர்!

அதே ஆண்டில், தமிழின் முதல் பேசும் படமான "காளிதாஸ்" படத்தையும் இரானியின் கம்பெனியே தயாரித்தது.

எங்கிருந்து வந்தார்கள்?

ஏசுநாதர் பிறந்த நாடுதான் யூதர்களின் பூர்வீகம். அவர்களில் சிலர் நம் நாட்டுக்கு வந்து குடியேறினார்கள்.

தேவாரம், போடி மலைகளில் ஏலக்காய் விளைகிறது அல்லவா? அந்த மலைகளுக்கு மேற்கே, கொச்சியில் யூதர் தெரு இருக்கிறது. ஏலக்காய், மிளகு வியாபாரத்துக்குப் பேர்போன இடம். 1568-ல் கட்டிய யூதர் கோவில் இன்றும் அங்கே இருக்கிறது.

இன்னொரு பிரிவினர், பம்பாய்க்குத் தெற்கே கொங்கணக் கடற்கரையில் தங்கினார்கள். செக்கு ஆட்டிப் பிழைத்தார்கள். சனிக்கிழமை மட்டும் செக்கு ஓடாது. அது அவர்களுடைய ஓய்வு நாள். அதனால் "சனிக்கிழமை எண்ணெய்க்காரர்கள்" என்றே அவர்களுக்குப் பெயர்.

ஊர்ப் பெயரைத் தங்கள் பெயருடன் சேர்த்துக்கொள்வது அவர்கள் வழக்கம். "பென்" என்ற ஊர்க்காரர் "பென்கர்" ஆனார். ஜோசப் டேவிட்டின் முழுப் பெயர், ஜோசப் டேவிட் பென்கர்!

துணிந்து வந்த பெண்கள்

பேசாப் படக் காலத்தில், குடும்பப் பெண்கள் நடிக்கத் தயங்கினார்கள். யூதப் பெண்கள் துணிந்து வந்தார்கள். டெலிபோன் ஆபரேட்டராக இருந்த ரூபி மையர்ஸ், "சுலோசனா" என்ற பெரிய நட்சத்திரம் ஆனார். பின்னாளில் புளோரன்ஸ் எசக்கியேல் என்ற பெண், "நாதிரா" ஆனார்.

பெயர் மாறியது. இவர்கள் யூதர்கள் என்பதே பல ரசிகர்களுக்குத் தெரியாமல் போயிற்று!

யூதர் கதையை எழுதியது யார்?

யூதரான ஜோசப் டேவிட், "ஆலம் ஆரா"வில் எழுதியது ஓர் அரசகுமாரனுக்கும் நாடோடிப் பெண்ணுக்கும் ஏற்பட்ட காதலை. யூதர்கள் பட்ட பாட்டை நாடகமாக எழுதியவரோ, ஆகா ஹஷர் காஷ்மீரி என்ற முஸ்லிம்!

அந்த நாடகத்தை, 1958-ல் டைரக்டர் பிமல் ராய் "யஹூதி" என்ற பெயரில் படமாக்கினார். "யஹூதி" என்றால் யூதர். திலீப்குமாரும் மீனாகுமாரியும் நடித்தார்கள். ரோமாபுரி அதிகாரி ஒருவன், எஸ்ரா என்ற யூதரின் மகனைச் சிங்கத்துக்கு இரையாக்குகிறான். எஸ்ராவோ, அந்த அதிகாரியின் பெண் குழந்தையைத் தன் மகளாக வளர்க்கிறார்!

யூத நடிகர், நடிகைகளின் சொந்தக் கதையும் பிறகு படமாயிற்று. ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த டானி பென்-மோஷே, 2017-ல் "ஷாலோம் பாலிவுட்" என்ற செய்திப் படத்தை வெளியிட்டார். "ஷாலோம்" என்றால் யூதர்கள் மொழியில் சமாதானம். வணக்கம் சொல்லவும் அதுவே.

1948-ல் இஸ்ரேல் நாடு அமைந்தது. இந்திய யூதர்களில் மிகப் பலர் அங்கே போய்விட்டார்கள். "ஆலம் ஆரா" படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை.

ஆனாலும், இந்தியப் படம் பேசத் தொடங்கிய கதையைச் சொல்லும்போது, சனிக்கிழமை எண்ணெய்க்காரர் குலத்தில் வந்த அந்த எழுத்தாளரின் பெயரையும் சொல்லித்தான் ஆகவேண்டும்!