கோப்புப் பகிர்வைக் கண்டறிவது எவ்வாறு?



கண்டி நகருக்கு அண்மையிலுள்ள அரசினர் பாடசாலையொன்றில் அதிபராகக் கடமையாற்றுபவன் நான். சில காலத்துக்கு முன் எமது பாடசாலையின் இணைய இணைப்பு மிகவும் மந்தமாயிற்று. சேவை வழங்கும் நிறுவனத்தாருக்கு முறையிட்டேன். அங்கிருந்த அலுவலர் சிறிது நேரம் பார்த்துவிட்டு, "சேர், உங்கள் பாடசாலையிலிருந்து யாரோ இரவிரவாகக் கோப்புப் பகிர்வு செய்கிறார்கள்" என்றார். எனக்குப் பெரு வியப்பு! அவர் இருப்பதோ கொழும்பில். எமது கணினி அறையை அவர் கண்டவருமல்லர். அவ்வாறிருக்க, இதனை அவர் எவ்வாறு அறிந்தார்? கலைப் பட்டதாரியாகிய நான் இவ்வினாவுக்கு விடை தேடிக் கற்றவற்றை இன்று உங்களுக்குக் கூற விழைகின்றேன்.

முதலில் கோப்புப் பகிர்வு என்பது யாதெனக் காண்போம். நூறு மாணவருள்ள வகுப்பில் ஒரேயொரு நூல் இருப்பதாகக் கொள்வோம். யாவரும் ஆசிரியரின் மேசைக்கு வந்து அதனைப் பிரதி செய்வதாயின் நெடுநேரம் காத்து நிற்க வேண்டும். அவ்வாறின்றி, ஒவ்வொருவரும் ஒவ்வொரு பாடத்தைப் பிரதி செய்துகொண்டு, பின்னர் தம்முள் மாற்றிக் கொண்டால் வேலை விரைவில் முடியும். 2001ஆம் ஆண்டில் பிராம் கோஹன் என்பவர் அமைத்த பிட்டொரன்ட் என்னும் முறை இவ்வாறே இயங்குகின்றது. இங்கே மையக் களஞ்சியம் என ஒன்றில்லை. பெறுபவரே கொடுப்பவருமாவார்.

இணையத்திற் செல்லும் செய்தியெல்லாம் சிறு சிறு பொதிகளாகப் பிரிந்து செல்கின்றது. ஒவ்வொரு பொதியிலும், கடித உறையிற் போல, அனுப்புபவர் முகவரியும் பெறுபவர் முகவரியும் உண்டு. தபாற் கந்தோரிற் கடிதங்களைத் தரம் பிரிப்பவர் எதனையும் உடைத்துப் படிப்பதில்லை. எனினும், எந்த வீட்டுக்கு எங்கிருந்து எத்தனை கடிதம் வருகின்றது என்பது அவருக்குத் தெரியும். சேவை வழங்குநரின் நிலையும் இத்தகையதே.

கண்டி மக்களுக்கு இதனை விளக்க ஓர் அனுபவமே போதும். 2018ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் திகன, தெல்தெனிய முதலிய இடங்களில் முஸ்லிம் மக்களுக்கு எதிராக வன்செயல்கள் மூண்டன. அவ்வேளை, மார்ச்சு 7ஆம் திகதி, முகநூல், வட்ஸ்அப், வைபர் முதலியன அரசின் பணிப்பின்பேரில் நாடெங்கும் தடைசெய்யப்பட்டன. முகநூல் மார்ச்சு 15ஆம் திகதி மீண்டும் திறக்கப்பட்டது. ஒவ்வொரு சேவைக்கும் அறியப்பட்ட பெயரும் முகவரியும் உண்டு. ஆதலின் அம்முகவரிக்குச் செல்லும் பொதிகளைத் தடுத்தல் வழங்குநருக்கு இயன்றது. கோப்புப் பகிர்வுக்கோ அத்தகைய ஒரு தனி முகவரி இல்லை. எனவே வேறு அடையாளங்களை நாட வேண்டியதாகின்றது. அவை நான்கு எனலாம்.

முதலாவது, வாயில் இலக்கம். ஒரு கணினிக்கு வரும் பொதி எந்தச் செயலிக்கு உரியதென்பதை இவ்விலக்கம் காட்டும். பிட்டொரன்ட் முறைக்குத் தொடக்கத்தில் 6881 முதல் 6889 வரையுள்ள இலக்கங்கள் வழக்கமாயிருந்தன. இலக்கத்தை மாற்றுவது எளிதாதலின், இவ்வடையாளம் இன்று நம்பத்தக்கதன்று.

இரண்டாவது, முகமன். இரு கணினிகள் பிட்டொரன்ட் முறையில் தொடர்பு கொள்ளும்போது, 19 என்னும் எண்ணையும் அதனையடுத்துப் 'பிட்டொரன்ட் புரொட்டகால்' என்னும் பத்தொன்பது எழுத்துச் சொற்றொடரையும் முதலில் அனுப்புகின்றன. உறையைத் திறந்து முதல் வரியை மட்டும் பார்க்கும் கருவி இதனை உடனே கண்டுகொள்ளும். மறையாக்கம் செய்தால் இம்முகமன் மறைந்துவிடும்.

மூன்றாவது, நடத்தை. செய்தித்தாள் படிப்பவரின் கணினி சில முகவரிகளுடனேயே உறவாடும். அது பெறுவது மிகுதி, கொடுப்பது சொற்பம். கோப்புப் பகிரும் கணினியோ ஒரே வேளையில் நூற்றுக்கணக்கான முகவரிகளுடன் உறவாடும், பெறுவதற்கு நிகராக, சிலபோது அதனினும் மிகுதியாகக் கொடுக்கும், நள்ளிரவிலும் ஓயாது. மறையாக்கம் கடிதத்தை மறைக்குமேயன்றிக் கடிதங்களின் தொகையையும் போக்கையும் மறைக்காது. எமது அலுவலர் கண்டது இதனையே.

நான்காவது அடையாளம் வெளியிலிருந்து வருவது. பகிர்வோர் கூட்டத்தில் எவரும் சேரலாம். சேர்ந்தவர் ஏனையோரின் முகவரிகளைக் காணலாம். பதிப்புரிமை உடையோரின் முகவர்களும் அவ்வாறு சேர்ந்து, எந்தக் கோப்பு எந்த முகவரியில் எந்நேரத்திற் பகிரப்பட்டது எனக் குறித்துக்கொள்வர். அந்நேரத்தில் அம்முகவரி எந்த வாடிக்கையாளருக்கு உரியதாயிருந்தது என்பதை வழங்குநரின் பதிவேடு காட்டும்.

மறைவழி இணைப்பு, அதாவது வீ.பீ.என்., இவற்றிலிருந்து காக்காதா எனச் சிலர் வினவலாம். 2018இல் தடையைக் கடக்கப் பலர் அதனையே நாடினர். அதன்வழிச் சென்றால், எல்லாப் பொதிகளும் ஒரே இடத்துக்குச் செல்வதாகவே வழங்குநருக்குத் தோன்றும். ஆயினும் வழங்குநர் அறிந்தவற்றை இப்போது அம்மறைவழியை நடத்துவோர் அறிவர். நம்பிக்கை இடம் மாறியதேயன்றி, நம்ப வேண்டிய தேவை நீங்கவில்லை.

இனி, இவ்வடையாளங்கள் எதனைக் கூறமாட்டா என்பதையும் நோக்குதல் வேண்டும். கோப்புப் பகிர்வு ஒரு முறை மாத்திரமே. அது தன்னளவிற் குற்றமன்று. உரிமையாளரின் அனுமதியின்றித் திரைப்படங்களைப் பகிர்வது எமது நாட்டின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்துக்கு முரணானது. லினக்ஸ் போன்ற கட்டற்ற மென்பொருள்களைப் பகிர்வதோ முற்றிலும் சட்டத்துக்கு அமைந்தது. முதலிற் கூறிய மூன்று அடையாளங்களும் இவ்விரண்டிலும் ஒன்றுபோலவே தோன்றும்.

இவ்வேறுபாட்டை மறந்ததன் விளைவை அமெரிக்காவிற் கண்டனர். 2007ஆம் ஆண்டில் கொம்காஸ்ட் என்னும் நிறுவனம், 'தொடர்பைத் துண்டி' என்னும் போலிச் செய்திகளைப் பயனர்களின் பெயராலேயே அனுப்பிக் கோப்புப் பகிர்வைக் குலைத்தது. அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம் இதனைச் சோதித்தபோது குலைக்கப்பட்டது எந்நூல்? அங்குப் பதிப்புரிமைத் தடை எதுவுமற்ற பழைய ஆங்கில விவிலியம்! 2008இல் அந்நாட்டுத் தொடர்பாடல் ஆணைக்குழு இச்செயலைக் கண்டித்தது. ஆணைக்குழுவுக்கு அத்தகைய அதிகாரமில்லை என 2010இல் நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

தமிழகத்திலும் இதனையொத்த நிகழ்ச்சியொன்று உண்டு. 2012ஆம் ஆண்டில் '3' என்னும் தமிழ்த் திரைப்படம் திருட்டாகப் பகிரப்படாதிருக்கச் சென்னை உயர் நீதிமன்றம் தடையாணை வழங்கியது. வழங்குநர்கள் சில தளங்களை முழுமையாகவே மூடிவிட்டனர். குற்றமற்ற காணொளிகள் பலவும் அகப்பட்டன. திருட்டுப் பிரதி உள்ள குறிப்பிட்ட முகவரிகளை மட்டுமே தடுக்க வேண்டும் என அதே ஆண்டு யூன் மாதத்தில் நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

எமது பாடசாலைக்கு மீள்வோம். அலுவலர் கூறியதைக் கேட்டதும், மாணவன் எவனோ படம் திருடுகிறான் என்றே நான் முடிவு செய்தேன். மறுநாட் காலைக் கூட்டத்தில் யாவரும் அறியக் கண்டிக்கவும் எண்ணியிருந்தேன். அதற்குமுன் கணினி அறைக்குப் பொறுப்பான ஆசிரியரை அழைத்து வினவியது என் நல்வினையே. பழைய கணினிகளில் நிறுவுவதற்காக அவர் லினக்ஸ் இயங்குதளத்தைப் பெற்றிருந்தார். பின்னர் செயலியை நிறுத்த மறந்து வீடு சென்றிருந்தார். அதுவே இரவு முழுவதும் பிறருக்குக் கொடுத்துக்கொண்டிருந்தது. அலுவலர் கூறியது ஓர் எழுத்தும் பிழையன்று. அதிலிருந்து நான் ஊகித்ததே பிழை.

இரவில் கணினியை நிறுத்திச் செல்லும் விதியை அன்றே ஏற்படுத்தினோம். இணைப்பும் பழைய வேகத்தைப் பெற்றது. எமது இணைப்பு பூட்டிய அறையன்று என்பதை இளைஞர் உணர்தல் வேண்டும். உறையைக் கண்டவர் கடிதத்தைப் படித்தவராகிவிடார் என்பதை, தண்டிக்கும் இடத்தில் இருக்கும் எம்போன்றோர் உணர்தல் வேண்டும்.