விருப்ப ஓய்வு வழக்குகள் – 7: கடிதத்தைத் திரும்பப் பெற்ற நீதிபதி

போன வாரம் சங்மா வழக்கு. அசாமின் மாவட்ட நீதிபதி, மூன்று மாத நோட்டீஸ், அவருக்குப் பொருந்திய விதிப்படி அரசின் சம்மதம் தேவையில்லை என்று 1977-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தவறவிட்டவர்கள் பழைய இதழைத் தேடிக்கொள்ளவும்.

இந்த வாரம் உத்தரப் பிரதேச அரசு டாக்டர்களின் வழக்கு என்று சொல்லியிருந்தேன். அதைத் தேடப்போன இடத்தில் அதே மாநிலத்து நீதிபதி ஒருவர் வழிமறித்துவிட்டார். ஆசிரியர் இலாகாவிலிருந்து இரண்டு முறை போன் வந்த பிறகும் அவரை விட்டு நகர முடியவில்லை.

பெயர் சதீஷ் சந்திரா. அலகாபாத் உயர் நீதிமன்ற நீதிபதி. 1977 மே 7 அன்று குடியரசுத் தலைவருக்கு ஒரு ராஜினாமா கடிதம் எழுதினார். வளவளவென்று எதுவுமில்லை: பதவி விலகுகிறேன், ஜூலை 31 வரை விடுப்பில் இருப்பேன், ஆகஸ்ட் 1 முதல் ராஜினாமா நடைமுறைக்கு வரும். ஜூலை 15 அன்று இரண்டாவது கடிதம் போனது. முதல் கடிதத்தை வாபஸ் வாங்குகிறேன் என்றார். ஆகஸ்ட் பிறந்தது, வழக்கம்போல பெஞ்சில் உட்கார்ந்து வழக்குகளைக் கேட்க ஆரம்பித்துவிட்டார்.

சும்மா விடுவார்களா? ராஜினாமா செய்தவர் எந்த அதிகாரத்தில் தீர்ப்புச் சொல்கிறார் என்று வழக்குப் போட்டார்கள். போட்ட இடம்தான் என்னை மயக்கியது: அதே அலகாபாத் உயர் நீதிமன்றம்! நேற்றுவரை பக்கத்து அறையில் இருந்த சகா, இன்று நீதிபதியா இல்லையா என்று அவருடைய சக நீதிபதிகளே உட்கார்ந்து விசாரித்தார்கள். பெரும்பான்மைத் தீர்ப்பு, அவருடைய பதவி போய்விட்டது என்றது.

அவர்களுடைய வாதத்தை லேசாகத் தள்ளிவிட முடியாது. அரசியல் சாசனத்தின் 217-வது பிரிவுப்படி நீதிபதி தன் கைப்பட எழுதி குடியரசுத் தலைவருக்கு அனுப்பினால் போதும். யாரும் ஏற்க வேண்டியதில்லை. சங்மாவைக் காப்பாற்றிய அதே ‘சம்மதம் தேவையில்லை’ இங்கே ஆளையே கவிழ்த்தது. ஏற்பதற்கு யாருமில்லை என்றால், கடிதம் போய்ச் சேர்ந்ததுமே எல்லாம் முடிந்தது. எதைத் திரும்பப் பெறுவது?

உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 1978-ல் இதைப் புரட்டிப் போட்டது. வருங்காலத் தேதி போட்ட ராஜினாமா, அந்தத் தேதி வரும்வரை முழுமை அடைவதில்லை. அதுவரை எழுதியவருக்கு மனம் மாற உரிமை உண்டு. பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதியவர் நீதிபதி சர்க்காரியா. ஆம், தமிழ்நாட்டு அரசியல் வாசகர்கள் மறக்க முடியாத கமிஷனின் அதே சர்க்காரியா. நீதிபதி பசல் அலி மட்டும் உடன்படவில்லை. கொடுத்தது கொடுத்ததுதான் என்றார். அவர் கட்சியில் ஒரு கம்பீரம் இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் என் ஓட்டு சர்க்காரியாவுக்கே. சதீஷ் சந்திரா பிறகு அதே அலகாபாத்துக்குத் தலைமை நீதிபதி ஆனார், அதன்பின் கல்கத்தாவுக்கும்.

சரி, நீதிபதிக்குக் கிடைத்தது அக்கவுண்டன்டுக்குக் கிடைக்குமா? மத்திய அரசின் புகைப்படப் பிரிவில் கணக்கர் பல்ராம் குப்தா. 1980 டிசம்பரில் விருப்ப ஓய்வு நோட்டீஸ் கொடுத்தார். 1981 மார்ச் 31-ல் போக வேண்டும். ஜனவரியில் அரசு ஏற்றுக்கொண்டது. அதே மாதக் கடைசியில், கூட வேலை பார்ப்பவர்கள் விடாமல் கெஞ்சியதால் மனம் மாறினேன் என்று வாபஸ் கடிதம் கொடுத்தார். இலாகா மறுத்துவிட்டது. அவருக்குப் பொருந்திய விதியில், அதிகாரியின் ஒப்புதலோடுதான் நோட்டீஸைத் திரும்பப் பெற முடியும். அப்படியிருந்தும் 1987-ல் உச்ச நீதிமன்றம் குப்தா பக்கம் நின்றது: தக்க காரணம் இல்லாமல் ஒப்புதலை மறுக்க முடியாது. அவருடைய கடிதத்தை நம்பி அந்த இடத்துக்கு வேறு ஆள் ஏற்பாடு செய்திருந்தால் கதை வேறு என்றும் நீதிபதிகள் சொல்லிவைத்தார்கள். இந்த வரியை அரசு வக்கீல்கள் மனப்பாடமாக வைத்திருக்கிறார்கள்.

வங்கி ஊழியர்களின் 2000-ஆம் ஆண்டு வி.ஆர்.எஸ். வழக்குகளிலும் இதே சண்டைதான். அங்கே வாபஸ் கேட்டுவிட்டு, வி.ஆர்.எஸ். பணத்தையும் வாங்கிக்கொண்டவர்கள் மாட்டிக்கொண்டார்கள்.

பிகாரில் குப்தேஷ்வர் பாண்டே என்ற போலீஸ் அதிகாரி 2009 மக்களவைத் தேர்தல் சமயத்தில் விருப்ப ஓய்வு கேட்டார். சீட் கிடைக்கவில்லை, சில மாதங்களில் உத்தியோகத்துக்கே திரும்பிவிட்டார். டி.ஜி.பி.யாக உயர்ந்து, 2020 செப்டம்பரில் மறுபடியும் ஓய்வு வாங்கி ஐக்கிய ஜனதா தளத்தில் சேர்ந்தார். அப்போதும் சீட் இல்லை. கட்டுரைக்கு இது தேவையில்லைதான், இருந்தாலும் விட மனமில்லை.

தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கு அடிப்படை விதி 56(3): ஐம்பது வயது, அல்லது ஓய்வூதியத்துக்குரிய இருபது ஆண்டு பணி, மூன்று மாத நோட்டீஸ். கொடுத்த பிறகு மனம் மாறினால் வாய்மொழியாக மேலாளரிடம் சொல்லிவிட்டு டீ குடிக்கப் போகாதீர்கள். குறித்த தேதிக்கு முன்பே எழுத்தில் கொடுத்து, தபால் பிரிவில் உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் கையெழுத்தும் வாங்கிக்கொள்ளுங்கள். கோர்ட்டில் பேசப்போவது அந்த நகல்தான்.

போக நினைத்தவரை அரசு போகவிடாமல் பிடித்து வைத்த உ.பி. டாக்டர்கள் கதை நிச்சயமாக அடுத்த வாரம். முடிவை இப்போதே சொல்லிவிடுகிறேன்: 2018-ல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது டாக்டர்கள்.