மீட்டர் கணக்கு மட்டும் போதாது

காலை நிகழ்ச்சியை முடித்ததும் தேக்காவில் மாமாவின் உணவகத்துக்குப் பசியாறப் போவது என் வழக்கம். சென்ற தீபாவளிக்கு முந்திய வாரம் ஒரு நாள் போனபோது கடை இருட்டாக இருந்தது. பலகாரங்களுக்காகப் புதிதாக இரண்டு உறைபெட்டிகளும் ஒரு பெரிய கிரைண்டரும் வாங்கியிருந்தார். எல்லாம் ஒன்றாக ஓடியதும் மின்சாரம் துண்டித்துக்கொண்டது.

வந்து பார்த்த மின்பணியாளர் கேட்ட முதல் கேள்வி, “அண்ணே, இந்தக் கடைக்கு அனுமதிச்ச மின்சுமை எவ்வளவு?”

மாமாவுக்குக் கோபம் வந்துவிட்டது. “ஏம்மா, மாசம் தவறாம பில் கட்டுறேன். மீட்டர்ல ஓடினதுக்கெல்லாம் காசு கொடுத்தாச்சு. அப்புறம் என்ன அனுமதி?” என்று என்னிடம் திரும்பினார்.

இதே கேள்வி இந்திய உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது.

ஒடிசாவில் சீதாராம் ரைஸ் மில் என்ற நெல் அரைவை ஆலை, 110 கேவிஏவுக்கு உட்பட்ட மின்தேவைக்கு ஒப்பந்தம் செய்திருந்தது. 2009 ஜூன் மாதம் சோதனைக்கு வந்த மின் விநியோக நிறுவன அதிகாரிகள், ஆலையின் உச்சப் பயன்பாடு 142 கேவிஏ வரை போயிருப்பதைக் கண்டார்கள். அடுத்த மாதமே 7,77,300 ரூபாய் கேட்டு தற்காலிக மதிப்பீட்டு ஆணை வந்தது.

ஆலை உயர் நீதிமன்றம் சென்றது. மீட்டரைத் தொடவில்லை, திருடவில்லை, பயன்படுத்தியது முழுவதும் பதிவாகியிருக்கிறது என்பது அதன் வாதம். உயர் நீதிமன்றம் ஆலையின் பக்கம் நின்றது. மின் நிறுவனம் மேல்முறையீடு செய்தது.

2011 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. திருட்டு வேறு, அனுமதியில்லாத பயன்பாடு வேறு என்று அது பிரித்துக் காட்டியது. ஒப்பந்த அளவை மீறி எடுத்தால், மீட்டரில் பதிவாகியிருந்தாலும், 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 126ஆம் பிரிவின்கீழ் அது அனுமதியில்லாத பயன்பாடுதான் என்றது. அந்தப் பிரிவின்படி கட்டணம் இரு மடங்கு.

மாமாவுக்கு இதை அவர் கடையை வைத்தே சொன்னேன். “மாமா, மாசத்துக்கு மூவாயிரம் பேர் சாப்பிடலாம். அது யூனிட். ஆனா ஒரே நேரத்துல உட்கார நாற்பது நாற்காலிதான். அதுதான் மின்சுமை. மூவாயிரம் பேர் காசு கொடுத்தாங்கங்கறதுக்காக நூறு பேரை ஒண்ணா உட்கார வைக்க முடியுமா?”

கம்பியும் மின்மாற்றியும் அந்த நாற்காலிக் கணக்கைப் பார்த்துத்தான் போடப்படுகின்றன. ஒருவர் மீறினால் கம்பி சூடாகும். அதே பாதையில் இருக்கும் அக்கம்பக்கத்துக் கடைகளுக்கும் சிக்கல்.

அந்த வழக்கில் இன்னொரு பாடமும் உண்டு. தொகை சரியா தவறா என்பதை உச்ச நீதிமன்றம் முடிவு செய்யவில்லை. ஆட்சேபத்தை மதிப்பீட்டு அதிகாரியிடமே சொல்லும்படி ஆலையைத் திருப்பி அனுப்பியது. தற்காலிக ஆணை வந்ததும் எழுத்தில் மறுக்கலாம், நேரில் விளக்கலாம். இறுதி ஆணை வந்த பிறகு மேல்முறையீட்டுக்குப் போக 30 நாள் அவகாசம் உண்டு. ஆனால் தொகையில் பாதியைக் கட்ட வேண்டும். இந்தப் படிகளைத் தாண்டி நேரே நீதிமன்றம் போனதில் ஆலைக்கு ஆண்டுகள்தான் கழிந்தன.

சிங்கப்பூரில் சட்டம் வேறு, அடிப்படை ஒன்றுதான். உயர் அழுத்த மின்சாரம் பெறும் பெரிய நிறுவனங்கள் ஒப்பந்தக் கொள்ளளவைத் தாண்டினால், தாண்டிய பகுதிக்கு அதிக விகிதத்தில் கட்டணம் செலுத்துகின்றன. சிறு கடைகளுக்கு அந்தக் கட்டணம் இல்லை. அனுமதிக்கப்பட்ட மின்சுமை என்ற வரம்பு உண்டு. குடியிருப்பு அல்லாத இடத்தில் அது 45 கேவிஏவைத் தாண்டினால் எரிசக்திச் சந்தை ஆணையத்தின் உரிமமும் தேவை.

பலர் குழம்பும் இடம் ஒன்று. 2019 மே மாதத்துக்குள் பொது மின்சாரச் சந்தை தீவு முழுவதும் விரிந்துவிட்டது. விரும்பிய நிறுவனத்திடம் மின்சாரம் வாங்கலாம். ஆனால் விற்பவரை மாற்றினால் விலைதான் மாறும். கம்பி எஸ்பி குழுமத்தினுடையது. மின்சுமை வரம்பு அப்படியே இருக்கும். அதைக் கூட்ட உரிமம் பெற்ற மின்பணியாளர் மூலம் விண்ணப்பிக்க வேண்டும்.

கடை எடுக்கும்போது வாடகையையும் முன்பணத்தையும் பத்து தடவை கேட்கிறோம். மின்சுமை எவ்வளவு என்று ஒரு தடவை கேட்டால் போதும்.

மாமா விண்ணப்பித்துவிட்டார். அனுமதி வரும்வரை மாவு அரைப்பதை அதிகாலைக்கு மாற்றிக்கொண்டார். நான் வானொலி நிலையத்துக்குக் கிளம்பும் ஐந்து மணிக்கு அவருடைய கிரைண்டர் மட்டும் ஓடுகிறது. மதிய நெரிசலில் விளக்கு அணைவதில்லை.