மது இல்லாமல் மதுச்சுவை



பண்டிகை நாளில் வீடு தேடி வருபவருக்கு முறுக்கு, அதிரசம், நெய்யுருண்டை எல்லாம் தட்டில் வைத்துக் கொடுக்கிறோம். வெயிலில் நடந்து வந்தவருக்கு நாவுக்குக் குளிர்ச்சியாக ஒரு துண்டு ஜெலியும் கொடுப்பது நம் தோட்டத்து வீடுகளில் நெடுநாளைய வழக்கம். இப்போது கைப்பேசியில் வரும் சமையல் குறிப்புகளில் ‘வைன் ஜெலி’ என்றோர் இனிப்பைக் காட்டுகிறார்கள். கருஞ்சிவப்பு நிறத்தில், கண்ணாடிபோல் பளபளக்கும் பண்டம் அது. கிறிஸ்மஸ் வந்தால் இதைச் செய்து பார்க்க வேண்டும் என்று சிலரும், தீபாவளித் திறந்த இல்ல உபசரிப்பில் வைத்தால் என்ன என்று சிலரும் எண்ணுகிறார்கள்.

தாராளமாகச் செய்யலாம். ஆனால் மேல்நாட்டுச் செய்முறையில் உள்ள இரண்டு பொருள்களை மாற்றிக்கொண்டு செய்ய வேண்டும். ஒன்று ஜெலட்டின், மற்றொன்று வைன். இவற்றை ஏன் மாற்ற வேண்டும்? மாற்றிய பிறகும் அதே நிறமும் சுவையும் வருமா? இவற்றையே இன்று பார்க்கப் போகிறோம்.

முதலில் ஜெலட்டினை எடுத்துக்கொள்வோம். மாடு, பன்றி போன்ற விலங்குகளின் தோலையும் எலும்பையும் பக்குவப்படுத்தி எடுக்கும் ஒருவகைப் புரதமே ஜெலட்டின். ஆட்டுக்கால் சூப்பை ஆறவிட்டால் கெட்டியாகிப் போவதைப் பார்த்திருக்கிறோம் அல்லவா? அந்தப் பிசுபிசுப்புக்குக் காரணமான பொருள் இதுதான். ஐரோப்பியர்கள் முற்காலத்தில் கன்றின் கால்களை நெடுநேரம் வேகவைத்து, அந்தச் சாற்றை வடிகட்டி, அதில் வைனும் சீனியும் எலுமிச்சையும் சேர்த்து இறுக வைத்தார்கள். 1845-ஆம் ஆண்டில் அமெரிக்காவில் பீட்டர் கூப்பர் என்பவர் ஜெலட்டினைத் தூளாக்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். 1897-இல் அதே நாட்டில் பழச்சுவை சேர்த்த ஜெலட்டின் தூள் பொட்டலமாக விற்பனைக்கு வந்தது. வைன் ஜெலியும் பழ ஜெலியும் அடுப்படிக்குள் எளிதாக நுழைந்தது இப்படித்தான்.

இந்த ஜெலட்டின் நம் வீட்டுக்கு ஏன் ஒத்துவராது? முதற்காரணம் வெப்பம். ஜெலட்டினால் இறுகிய பண்டம் நம் உடற்சூட்டுக்கும் குறைந்த வெப்பத்திலேயே இளகிவிடும். வாயில் போட்டதும் அது கரைவது அதனால்தான். குளிர்நாட்டு மேசையில் அது அசையாமல் நிற்கும். தகரக் கூரையின் கீழ், மத்தியான வெயிலில், நம் வீட்டு மேசையில் வைத்தால் அரை மணியில் கஞ்சியாகிவிடும். ஐஸ் பெட்டி இல்லாமல் அது இறுகவும் மாட்டாது.

இரண்டாம் காரணம் பழம். பச்சை அன்னாசித் துண்டுகளை ஜெலட்டினில் போட்டால் அது இறுகுவதே இல்லை. அன்னாசியிலும் பப்பாளியிலும் புரதத்தைச் சிதைக்கும் நொதிப் பொருள்கள் உண்டு. முற்றிய ஆட்டிறைச்சி சீக்கிரம் வேகப் பப்பாளிக்காய்த் துண்டு போடுவோமே, அதே வேலையை அவை ஜெலட்டினிடமும் காட்டிவிடுகின்றன.

மூன்றாம் காரணம்தான் முக்கியமானது. அது விருந்தாளியைப் பற்றியது. நம் வீட்டுக்கு மலாய்க்கார நண்பர் வருவார், சீன நண்பர் வருவார், சைவம் மட்டும் உண்ணும் பெரியம்மா வருவார். பன்றியிலிருந்து எடுத்த ஜெலட்டினை இஸ்லாமியர் உண்ணமாட்டார். சரி, ஹலால் முத்திரை உள்ளதை வாங்கிவிடலாம் என்றால், அது மாட்டிலிருந்து எடுத்ததாக இருக்கலாம். அதை நம்மவரிலேயே பலர் உண்ணமாட்டார்கள். சைவம் உண்போருக்கோ இரண்டும் ஆகாது. ஒரே தட்டை எல்லாருக்கும் நீட்ட வேண்டுமானால் வேறு பொருள்தான் தேட வேண்டும்.

அந்தப் பொருள் நம் கைக்கெட்டும் தூரத்திலேயே இருக்கிறது. கடையில் நூலாகவும் தூளாகவும் விற்கும் அகார் அகார்தான் அது. சிலர் இதைக் கடற்பாசி என்றே சொல்வார்கள். ஆம், இது சிவப்புக் கடற்பாசி இனங்களிலிருந்து எடுக்கப்படுகிறது. புரதம் அன்று, மாவுச்சத்தின் உறவினம். ஆதலால் அன்னாசியோ பப்பாளியோ இதை ஒன்றும் செய்வதில்லை. கொதிக்க வைத்துக் கரைத்த அகார் அகார் 40 பாகை செல்சியசுக்குச் சற்றுக் கீழே இறங்கியதும் இறுகத் தொடங்குகிறது. அதாவது, நம் வீட்டு மேசையிலேயே இறுகிவிடும். இறுகிய பின்னர் மீண்டும் இளக ஏறத்தாழ 85 பாகை வெப்பம் வேண்டும். வெயில் என்ன கொளுத்தினாலும் அது தன் வடிவத்தை விடாது.

இந்தக் குணத்தின் அருமையை உலகுக்கு எடுத்துக் காட்டியவர் ஒரு குடும்பப் பெண். ஜெர்மனியில் ராபர்ட் காக் என்ற பேரறிஞரின் ஆய்வுக்கூடத்தில் வால்டர் ஹெஸ்ஸே என்பவர் கிருமிகளைப் பற்றி ஆராய்ந்து வந்தார். கிருமிகளை வளர்க்க அவர்கள் பயன்படுத்திய ஜெலட்டின் வெப்பத்தில் இளகிக் கெட்டுப்போயிற்று. ‘நீ செய்யும் ஜெலி மட்டும் கோடைக்காலத்திலும் இளகாமல் நிற்கிறதே, எப்படி?’ என்று தம் மனைவி ஃபேனி ஹெஸ்ஸேயிடம் கேட்டார். அவர் சேர்த்தது அகார் அகார். ஜாவாவில் வாழ்ந்து திரும்பிய டச்சுக்காரரான அண்டை வீட்டாரிடமிருந்து அதை அவர் அறிந்திருந்தார். அதன் பின்னர் ஆய்வுக்கூடத்திலும் அகார் அகார் புகுந்தது. 1882-இல் காசநோய்க் கிருமியைப் பற்றி எழுதியபோது காக் இதைக் குறிப்பிட்டார். இன்றும் மருத்துவமனை ஆய்வுக்கூடங்களில் கிருமிகளை வளர்க்க இதையே பயன்படுத்துகிறார்கள். நம் வட்டாரத்து மலாய்ச் சொல்லான ‘அகார்’ இப்படித்தான் உலக அறிவியலில் நிலைத்தது.

இனி இரண்டாவது பொருளான வைனுக்கு வருவோம். ‘கொதிக்க வைத்தால் போதை ஆவியாகப் போய்விடும், பிள்ளைகளுக்குக் கொடுத்தால் தப்பில்லை’ என்று பலர் நம்புகிறார்கள். இந்த நம்பிக்கை பிழையானது. கால் மணி நேரம் கொதித்த பின்னரும் சாராயச் சத்தில் ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பங்கு உணவிலேயே தங்கிவிடும் என்று அமெரிக்க விவசாயத் துறையின் அட்டவணை காட்டுகிறது. அடுப்பை விட்டு இறக்கிய சூடான உணவில் ஊற்றிக் கலந்தாலோ, நூற்றுக்கு 85 பங்கு அப்படியே இருக்கும். வைன் ஜெலியில் மணம் போகாமலிருக்க வைனை இறக்கிய பின்னர்தான் ஊற்றச் சொல்கிறார்கள்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு லிட்டர் ஜெலியில் அரை லிட்டர் வைன் சேர்க்கிறோம் என்று வைத்துக்கொள்வோம். வைனில் நூற்றுக்கு 12 பங்கு சாராயச் சத்து இருந்தால், அரை லிட்டரில் 60 மில்லி லிட்டர். பத்துக் கோப்பையாகப் பங்கிட்டால், கோப்பைக்கு 6 மில்லி லிட்டர். ஆவியானதைக் கழித்தால் 5 மில்லி லிட்டர். அதாவது, கோப்பைக்கு ஒரு தேக்கரண்டி சுத்தமான சாராயச் சத்து! ஒரு டின் பீரில் மூன்றில் ஒரு பங்குக்கு இது சமம். இனிப்பாகவும் குளிர்ச்சியாகவும் இருப்பதால் ஐந்து வயதுப் பிள்ளை ஒன்றோடு நிறுத்துமா? மூன்று கோப்பை தின்றால் ஒரு டின் பீர் குடித்த கணக்காகிவிடும். பெரியவரின் உடம்பு தாங்கும் அளவைச் சின்னஞ்சிறு உடம்பு தாங்காது. இந்நாட்டில் 2017 டிசம்பர் முதல் 21 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு மது விற்பது குற்றம். கடைக்காரர் விற்கக் கூடாததை, நாம் பாசத்தோடு கிண்ணத்தில் போட்டு ஊட்டலாமா?

தோட்டத்தில் வாழ்ந்தவர்களுக்கு இதை அதிகம் விளக்க வேண்டியதில்லை. கள்ளுக்கடையும் சம்சுவும் எத்தனை குடும்பங்களின் சம்பளத்தை விழுங்கின என்பதை நம் பாட்டிமார் அறிவார்கள். 1947-இல் கெடா மாநிலத்துப் பீடோங் வட்டாரத்தில், தொண்டர் படையைச் சேர்ந்த தொழிலாளர்கள் கள்ளுக்கடைகளை எதிர்த்துக் கிளம்பினார்கள். அதற்காகத் துன்பமும் பட்டார்கள். அவர்கள் வாசலில் நின்று தடுத்ததை நாம் இனிப்பு என்ற பெயரில் உள்ளே விடவேண்டாம். பள்ளியில் பிள்ளைகளோடு பழகும் ஆசிரியர்கள் என்ற முறையிலும் நாங்கள் இதை வலியுறுத்த விரும்புகிறோம்: மதுவின் சுவையைப் பிள்ளை முதன்முதலில் அறியும் இடம் தாயின் அடுப்படியாக இருக்கக் கூடாது.

அப்படியானால் அந்தச் சுவை எப்படி வரும்? வைனின் சுவையைப் பிரித்துப் பார்த்தால் நான்கு கூறுகள் தெரியும். திராட்சையின் மணமும் நிறமும் ஒன்று. புளிப்பு ஒன்று. திராட்சைத் தோலிலும் விதையிலும் இருந்து வரும் துவர்ப்பு ஒன்று. சாராயத்தின் எரிவு ஒன்று. கடைசிக் கூற்றை விட்டுவிட்டு மற்ற மூன்றையும் நாமே கூட்டிக்கொள்ளலாம். மணத்துக்கும் நிறத்துக்கும் கறுப்புத் திராட்சை, புளிப்புக்கு எலுமிச்சை, துவர்ப்புக்கு நாம் தினமும் குடிக்கும் தேயிலை. எரிவுக்குப் பதிலாகத் தொண்டையில் இதமான காரம் தரக் கிராம்பும் பட்டையும் போதும்.

வேண்டிய பொருள்களைக் குறித்துக்கொள்ளுங்கள். கறுப்புத் திராட்சை அரை கிலோ, சீனி 150 கிராம், அகார் அகார் தூள் 10 கிராம், நூலாக இருந்தால் 15 கிராம், தேயிலைத் தூள் ஒரு தேக்கரண்டி, கிராம்பு 4, விரல் நீளப் பட்டை ஒன்று, எலுமிச்சைச் சாறு ஒரு மேசைக்கரண்டி. இங்கே கோப்பை என்பது 250 மில்லி லிட்டர் அளவு. நூல் அகார் அகாரானால் துண்டுகளாக வெட்டி, அரை மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்துப் பிழிந்துகொள்ள வேண்டும்.

திராட்சையை நன்கு கழுவி, ஒரு கோப்பைத் தண்ணீர், கிராம்பு, பட்டை ஆகியவற்றோடு சிறு தீயில் கால் மணி நேரம் வேகவிடுங்கள். மத்தால் மசித்துத் துணியில் வடிகட்டுங்கள். இரண்டு கோப்பைச் சாறு வேண்டும். குறைந்தால் வெந்நீர் சேர்த்து அளவைச் சரிசெய்யலாம். அரைக் கோப்பை வெந்நீரில் தேயிலையை ஐந்து நிமிடம் ஊறவைத்து, அதையும் வடிகட்டிக்கொள்ளுங்கள்.

இப்போது ஒன்றரைக் கோப்பைப் பச்சைத் தண்ணீரில் அகார் அகாரைப் போட்டுக் கலக்கி அடுப்பில் வையுங்கள். கொதிக்கும்போது கரண்டியில் எடுத்துப் பார்த்தால் ஒரு துகளும் தெரியக் கூடாது. முழுவதும் கரைந்த பின்னரே சீனி போட வேண்டும். சீனியும் கரைந்ததும் திராட்சைச் சாற்றையும் தேயிலைச் சாற்றையும் சூடாகவே ஊற்றுங்கள். குளிர்ந்த சாற்றை ஊற்றினால் அகார் அகார் அங்கங்கே கட்டி தட்டிவிடும். ஒரு கொதி வந்ததும் இறக்குங்கள். எலுமிச்சைச் சாற்றை இறக்கிய பின்னர்தான் சேர்க்க வேண்டும்; புளிப்போடு சேர்ந்து கொதித்தால் அகார் அகாரின் இறுகும் சக்தி குறைந்துவிடும்.

தண்ணீரில் நனைத்த தட்டிலோ கிண்ணங்களிலோ ஊற்றி, அகன்ற பாத்திரத்தில் தண்ணீர் விட்டு அதன் நடுவில் வையுங்கள். சீக்கிரம் ஆறும், எறும்பும் ஏறாது. ஒரு மணி நேரத்தில் இறுகிவிடும். பத்துப் பன்னிரண்டு பேருக்குப் போதும். ஐஸ் பெட்டி இல்லாத வீட்டில் செய்த அன்றே தின்று முடித்துவிட வேண்டும். சிறு குழந்தைகளுக்கு முழுத் துண்டாகக் கொடுக்காமல், கத்தியால் பொடியாக நறுக்கி, உட்கார வைத்துக் கொடுங்கள். வழுக்கும் பண்டம் தொண்டையில் அடைக்கக் கூடும். நீரிழிவுக்காரர் உள்ள வீட்டில், அவருக்குச் சீனி குறைத்து ஒரு சிறு கிண்ணம் தனியே எடுத்து வைக்கலாம். ஆனால் பழத்திலேயே இனிப்பு உண்டு என்பதை மறவாமல் அளவோடு கொடுக்க வேண்டும்.

திருவள்ளுவர் விருந்தோம்பலுக்கு ஓர் அதிகாரம் வகுத்தார். கள்ளுண்ணாமைக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். இந்த ஒரு கிண்ண இனிப்பில் இரண்டையும் நாம் கடைப்பிடிக்கலாம். ‘இதில் என்ன போட்டிருக்கிறீர்கள்?’ என்று விருந்தாளி கேட்டால், ஒவ்வொரு பொருளின் பெயரையும் மறைக்காமல் சொல்ல முடிய வேண்டும். கேட்டவரும் தயங்காமல் கையை நீட்ட வேண்டும். பக்கத்தில் நிற்கும் நம் பிள்ளையும் அதே தட்டிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டும். பண்டிகைக்கு ஒரு வாரம் முன்னதாகவே பாதியளவில் செய்து பாருங்கள். புளிப்பும் துவர்ப்பும் உங்கள் வீட்டார் நாவுக்கு ஏற்றபடி அமைந்துவிட்டால், பண்டிகையன்று கவலையில்லை.