வளையத்தடியில் ஒரு பனைமரம்

நம் பள்ளித் திடல்களில் மாணவிகள் ஆடும் போலா ஜாரிங், அதாவது வலைப்பந்து, நேயர்களுக்குத் தெரிந்ததுதான். வளையம் இருப்பது 10 அடி உயரத்தில். அதன் அடியில் 6 அடி 10 அங்குலப் பெண் ஒருவர் வந்து நின்றால்? அவர்தான் யாழ்ப்பாணத் தமிழ்ப்பெண் தர்ஜினி சிவலிங்கம். தோழி பந்தை உயரத் தூக்கி எறிவார். தர்ஜினி கையை நீட்டிப் பிடித்து, நிதானமாக வளையத்துக்குள் போடுவார். தடுப்பவர் 3 அடி தள்ளித்தான் நிற்கவேண்டும் என்பது விதி. குதித்தாலும் எட்டாது, பாவம்! 2018-இல் ஜொகூர் பாலத்துக்கு அந்தப் பக்கம், சிங்கப்பூரில், ஆசியக் கிண்ணத்தை வென்ற இலங்கை அணியில் இவரும் இருந்தார். மறு ஆண்டு லிவர்பூல் உலகக் கிண்ணப் போட்டியில் அதிக கோல் போட்டவரும் இவரே. அப்போது இவருக்கு வயது 40.