கடவுச்சீட்டு எடுக்கப் போகிறீர்களா? முதலில் எந்த நாட்டுக் கடவுச்சீட்டு என்று பாருங்கள்



கடந்த மாத வானொலி உரையில் கனடியக் கடவுச்சீட்டு விண்ணப்பம் பற்றிப் பேசினேன். நேரம் போதவில்லை. உரை முடிந்த பிறகு வந்த தொலைபேசி அழைப்புகளில் பாதிக்கு மேல் ஒரே கேள்விதான்: “எனக்கு இன்னும் சிற்றிசன் கிடைக்கேல்லை. அம்மாவுக்குச் சுகமில்லை. சிறிலங்காப் பாஸ்போட்டைப் புதுப்பிச்சுக்கொண்டு ஒருக்கால் போயிட்டு வரலாமோ?” ஆகையால் இந்தக் கட்டுரையில் அந்தக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். படிவம், படம், கையெழுத்து எல்லாம் பிறகு வரட்டும். படிவத்தில் பிழை விட்டால் திருப்பி அனுப்புவார்கள், திருத்திக் கொடுக்கலாம். இந்த விடயத்தில் பிழை விட்டால் கனடாவில் இருக்கும் உரிமையே போய்விடக் கூடும்.

அகதிக் கோரிக்கை ஏற்கப்பட்டு, அதன் வழியாக நிரந்தர வதிவிட உரிமை, அதாவது பி.ஆர் எடுத்தவர்களைப் பற்றியே இப்போது சொல்கிறேன். உங்கள் கோரிக்கை ஏற்கப்பட்டதன் பொருள் என்ன? “என்னுடைய நாட்டு அரசின் பாதுகாப்பை என்னால் பெற முடியாது, பெற எனக்குப் பயம்” என்று நீங்கள் சொன்னதைக் கனடா நம்பியது என்பதுதான். கடவுச்சீட்டு என்பதோ ஒரு நாடு தன் பிரஜைக்குக் கொடுக்கும் பாதுகாப்புக் கடிதம். அதன் முதல் பக்கத்தை வாசித்துப் பாருங்கள், இதை வைத்திருப்பவருக்கு வேண்டிய உதவி செய்யும்படி அந்த அரசு மற்ற நாடுகளைக் கேட்டிருக்கும். ஆகவே இலங்கை அரசிடம் போய் அதைக் கேட்டு வாங்கினால், “இவர் மறுபடியும் தன் நாட்டின் பாதுகாப்பை நாடிவிட்டார்” என்று சட்டம் எடுத்துக்கொள்ளும். 1951ஆம் ஆண்டு அகதிகள் சாசனத்திலேயே இது இருக்கிறது. கனடாவின் குடிவரவு மற்றும் அகதிகள் பாதுகாப்புச் சட்டத்தில் 108ஆம் பிரிவு இதைச் சொல்கிறது.

இது பழைய சட்டந்தானே, எத்தனை பேர் போய் வந்தார்கள், ஒன்றும் நடக்கவில்லையே என்று கேட்பீர்கள். கேட்டும் இருக்கிறார்கள். மாறியது 2012 டிசம்பரில். அதற்கு முன் அகதி நிலை நீக்கப்பட்டாலும் பி.ஆர் தப்பியது. அந்த ஆண்டு வந்த திருத்தத்தின்படி, தன் விருப்பத்தோடு சொந்த நாட்டின் பாதுகாப்பை மறுபடி நாடியவர் என்று அகதிகள் சபை தீர்ப்பளித்தால் அகதி நிலையோடு பி.ஆரும் சேர்ந்து போய்விடும். இருபது வருடம் இங்கே இருந்தவருக்கும் அதுதான், வீடு வாங்கிப் பிள்ளைகளைப் பல்கலைக்கழகம் அனுப்பியவருக்கும் அதுதான். தொண்ணூறுகளில் அண்ணா போய் வந்த கதையை வைத்து இன்றைக்குத் தம்பி பயணச்சீட்டு வாங்கக் கூடாது என்பது இதனால்தான்.

“அவங்களுக்கு எப்பிடித் தெரியவரும்?” இதுவும் அடிக்கடி வரும் கேள்வி. ஒளிந்து பார்க்கத் தேவையில்லை, நாங்களே கொண்டுபோய்க் கொடுக்கிறோம். பி.ஆர் காட் புதுப்பிக்கும்போது கடவுச்சீட்டின் பிரதி கேட்கிறார்கள். குடியுரிமை விண்ணப்பத்தில் எந்தெந்த நாட்டுக்கு எப்போது போனீர்கள் என்று எழுதச் சொல்கிறார்கள். கொழும்பில் குத்திய முத்திரை அதில் இருக்கும். குடியுரிமைக்கு விண்ணப்பித்த இடத்தில் விசாரணை தொடங்கி, விண்ணப்பம் நிறுத்திவைக்கப்பட்டு, வழக்காகிப்போன குடும்பங்கள் உண்டு.

இதிலே வேறுபாடுகளும் இருக்கின்றன. தேவையில்லாமல் எல்லோரும் பயப்பட வேண்டாம். நீங்கள் கனடியக் குடியுரிமை பெற்றுவிட்டால் இந்தச் சட்டம் உங்களைத் தொடாது. கல்யாணம் செய்து ஸ்பொன்சரில் வந்து பி.ஆர் எடுத்தவர் அகதியாக ஏற்கப்பட்டவர் அல்ல, ஆகவே அவருக்கும் இது பொருந்தாது. இன்னுமொன்று. 2009இல் போர் முடிந்தது, நாட்டு நிலைமை மாறிவிட்டது என்ற காரணத்தை மட்டும் வைத்து ஒருவருடைய பி.ஆரைப் பறிக்கச் சட்டத்தில் இடமில்லை. பறிபோவது நாங்களாகச் செய்யும் காரியத்தால்தான்.

ஏற்கெனவே கடவுச்சீட்டு எடுத்துவிட்டவர்கள், போய் வந்துவிட்டவர்கள் என்ன செய்வது? எல்லாம் முடிந்துவிட்டதென்று இருக்க வேண்டியதில்லை. 2022இல் சமஷ்டி மேன்முறையீட்டு நீதிமன்றம் ஒரு வழக்கில், இப்படியான விளைவு வருமென்று அந்த ஆளுக்குத் தெரிந்திருந்ததா, எதற்காகப் போனார், போன இடத்தில் ஒளிந்து மறைந்து இருந்தாரா, அவருக்குப் பயம் அரசாலா வேறு ஆட்களாலா என்பதையெல்லாம் தனித்தனியே பார்க்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. அப்படிப்பட்டவர்கள் அடுத்த விண்ணப்பம் எதையும் நிரப்புவதற்கு முன் அகதி வழக்குகளில் அனுபவமுள்ள ஒரு சட்டத்தரணியிடம் போங்கள். பயண முகவரிடமோ, ‘போம்’ நிரப்புகிறவரிடமோ, என்னிடமோ அல்ல.

அப்படியானால் குடியுரிமை வரும்வரை பயணமே செய்ய முடியாதா? முடியும். கனடா அகதிகளுக்கென்று ஒரு பயணப் பத்திரம் கொடுக்கிறது. நீல நிறச் சிறு புத்தகம். அதை வைத்துக்கொண்டு எங்கள் சொந்த நாட்டுக்குப் போக முடியாது. மற்ற நாடுகளுக்கு விசா தேவையா என்று முன்கூட்டியே பார்க்க வேண்டும். இந்தியாவுக்கு நிச்சயம் விசா எடுக்க வேண்டும். திரும்பி வருவதற்கு பி.ஆர் காட்டும் கையில் இருக்க வேண்டும். தாய் தகப்பனை சென்னைக்கோ திருச்சிக்கோ வரச் சொல்லிச் சந்தித்துவிட்டு வந்த குடும்பங்கள் எத்தனையோ. செலவு கூடத்தான். ஆனாலும் பாதுகாப்பான வழி அது.

இனிக் கனடியக் கடவுச்சீட்டுக்கு வருவோம்.

முதன்முறை விண்ணப்பிக்கும் பெரியவர்களுக்கு முதலில் வேண்டியது குடியுரிமைக்கான மூலச் சான்று. இங்கேதான் எங்களுடைய ஆட்கள் நிறையப் பேர் தடுக்கி விழுகிறார்கள். 2012 பெப்ரவரிக்கு முன் சத்தியப்பிரமாணம் எடுத்தவர்களுக்கு இரண்டு பொருட்கள் கொடுத்தார்கள். ஒன்று, படம் போட்ட, பணப்பைக்குள் வைக்கும் சின்ன அட்டை. மற்றது, அழகான பெரிய தாள். பெரிய தாளைச் சட்டம் போட்டு வரவேற்பறையில் சாமி படத்துக்குப் பக்கத்தில் மாட்டினோம். அட்டையை எங்கே வைத்தோமென்று தெரியாது. உண்மையில் அந்தச் சின்ன அட்டைதான் சான்று. சுவரில் இருப்பது வெறும் நினைவுப் பத்திரம், அதை எங்கேயும் ஏற்கமாட்டார்கள். 2012க்குப் பிறகு வந்தவர்களுக்கு ஒரே கடிதத் தாள் அளவுச் சான்றிதழ், அதுவே சான்று. அட்டை தொலைந்திருந்தால் புதுச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்க வேண்டும், அது கைக்கு வர மாதக்கணக்காகலாம். ஆகவே பயணம் இருக்கோ இல்லையோ, இந்தக் கிழமையே அலுமாரியைத் திறந்து ஒருமுறை பாருங்கள்.

அடுத்தது கரன்ரர், அதாவது உங்களை இன்னாரென்று உறுதிப்படுத்திக் கையெழுத்திடுபவர். முன்பெல்லாம் வைத்தியர், சட்டத்தரணி, அதிபர் போன்ற தொழில் செய்பவர்தான் இதற்குக் கையெழுத்து வைக்கலாம். ஒரு கையெழுத்துக்காகக் குடும்ப வைத்தியரின் வாசலில் காத்துக் கிடந்ததைப் பழைய ஆட்கள் மறந்திருக்கமாட்டார்கள். 2007 ஒக்ரோபரில் இது மாறியது. இப்போது 18 வயதுக்கு மேற்பட்ட, உங்களைக் குறைந்தது 2 வருடமாகத் தெரிந்த ஒரு கனடியப் பிரஜை போதும். அவரிடம் செல்லுபடியாகும் கனடியக் கடவுச்சீட்டு இருக்க வேண்டும், முடிந்திருந்தால் ஒரு வருடத்துக்கு மேற்படக் கூடாது. அதை எடுக்க விண்ணப்பித்தபோது அவருக்கு 16 வயதாவது ஆகியிருக்க வேண்டும். வீட்டிலுள்ளவராகவும் இருக்கலாம், மகள் தாய்க்குக் கையெழுத்திடலாம். இன்றைக்கும் சிலர் பணம் கொடுத்துக் கையெழுத்து வாங்குவதாகக் கேள்விப்படுகிறேன். அதற்கு எந்த அவசியமும் இல்லை, அதோடு உங்களை முன்பின் தெரியாத ஒருவர் 2 வருடமாகத் தெரியுமென்று எழுதுவது பொய்யுரை.

கரன்ரரைத் தவிர, உங்களைப் பற்றி விசாரிக்க இரண்டு பேரின் விபரம் கொடுக்க வேண்டும். இவர்கள் உறவினராக இருக்கக் கூடாது. எங்களுடைய ஊர் ஆட்களுக்கு இது கொஞ்சம் கஷ்டம்தான், எந்தப் பக்கம் திரும்பினாலும் மச்சான், சித்தப்பா! கல்யாணத்தால் வந்த உறவும் உறவுதான். வேலையிடத்தில் தெரிந்தவர், பக்கத்து வீட்டுக்காரர் நல்லது. பெயரைப் போட முன் அவர்களுக்குச் சொல்லிவிடுங்கள். தெரியாத இலக்கத்திலிருந்து அழைப்பு வந்தால் எங்களுடைய சனம் தொலைபேசியை எடுப்பதில்லை.

படம் இரண்டு வேண்டும், 50க்கு 70 மில்லிமீற்றர். நாடியிலிருந்து உச்சந்தலைவரை 31 முதல் 36 மில்லிமீற்றர். ஆறு மாதத்துக்குள் கடையில் எடுத்ததாக இருக்க வேண்டும், ஒரு படத்தின் பின்புறம் கடையின் பெயர், விலாசம், எடுத்த திகதி போடப்பட வேண்டும். சிரிக்கக் கூடாது. கைக்குழந்தைக்குக் கன்னத்தில் வைக்கும் கறுத்தப் பொட்டை அன்றைக்கு மட்டும் அழித்துவிடுங்கள், நாவூறு பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

பெயர் விடயம் தனியே பேச வேண்டியது. கடவுச்சீட்டில் வரும் பெயர் உங்கள் குடியுரிமைச் சான்றில் உள்ளபடிதான் வரும். குடியுரிமைச் சான்றுக்குப் பெயர் வந்தது நாங்கள் லாண்டட் ஆனபோது கொடுத்த பத்திரத்திலிருந்து. எங்களுக்கோ குடும்பப் பெயர் என்று ஒன்றில்லை, தகப்பன் பெயரைத்தான் அந்தப் பெட்டிக்குள் எழுதினோம். இதனால் வரும் விநோதத்தைப் பாருங்கள். கல்யாணமான பெண் ‘கணவருடைய பெயரை’ எடுக்கிறேன் என்று விவாகப் பதிவோடு விண்ணப்பித்தால், கணவரின் குடும்பப் பெயராக இருப்பது அவருடைய தகப்பன் பெயர். கடைசியில் அவர் மாமனாரின் பெயரைத் தாங்கிக்கொண்டு உலகம் சுற்றுகிறார்! கணவரின் சொந்தப் பெயர்தான் வேண்டுமென்றால் மாகாணச் சட்டத்தின்படி முறையாகப் பெயர் மாற்றி, அதன் பிறகு குடியுரிமைச் சான்றையும் மாற்றித்தான் கடவுச்சீட்டுக்கு வரலாம். என்னைக் கேட்டால், எல்லாப் பத்திரத்திலும் ஒரே பெயர் இருந்தால் அப்படியே விட்டுவிடுங்கள்.

பிள்ளைகளுக்கு, அதாவது 16 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு, புதுப்பித்தல் என்பதே கிடையாது. ஒவ்வொரு முறையும் புது விண்ணப்பம், புதுக் கரன்ரர். பெற்றோர் பெயருள்ள நீளப் பிறப்புச் சான்றிதழ் வேண்டும், பெற்றோர் பெயரில்லாத சின்னச் சான்றிதழோடு போனால் திரும்பித்தான் வரவேண்டும். தாயும் தகப்பனும் கையெழுத்திடுவது நல்லது. பிரிந்து வாழ்பவர்கள் பிள்ளையின் பராமரிப்புப் பற்றிய நீதிமன்றக் கட்டளை எதுவாயினும் மறைக்காமல் கொடுக்க வேண்டும். தாய் தனியே பிள்ளையுடன் பயணம் செய்தால் தகப்பனிடமிருந்து ஒரு சம்மதக் கடிதம் கொண்டுபோகும்படி அரசு சொல்கிறது. எங்களுடைய குடும்பங்களில் தாய்க்கு ஒரு பெயர், தகப்பனுக்கு வேறு, பிள்ளைக்கு இன்னொன்று. விமான நிலையத்தில் இருப்பவருக்கு இது யாருடைய பிள்ளையென்று எப்படித் தெரியும்? கடிதத்தோடு பிறப்புச் சான்றிதழின் பிரதியையும் கைப்பையில் வையுங்கள்.

பெரியவர்களுக்குப் புதுப்பித்தல் இலகு. 16 வயதுக்குப் பிறகு விண்ணப்பித்து எடுத்த கடவுச்சீட்டாகவும், கொடுக்கப்பட்டு 15 வருடத்துக்கு உட்பட்டதாகவும், பெயர் அதேயாகவும் இருந்தால் கரன்ரர் வேண்டாம், குடியுரிமைச் சான்றும் வேண்டாம். பழைய கடவுச்சீட்டு, இரண்டு படம், உறவினரல்லாத இரண்டு பேரின் விபரம், கட்டணம், அவ்வளவுதான். 2013 யூலை முதல் 10 வருடக் கடவுச்சீட்டு கிடைக்கிறது. கட்டணம் மாறிக்கொண்டிருப்பதால் போகும் நாளில் பார்த்துக்கொள்ளுங்கள்.

கடவுச்சீட்டு அலுவலகத்தில் நேரே கொடுத்தால் 10 வேலை நாள், தபாலில் அனுப்பினால் 20 வேலை நாள் என்பது அரசு வைத்திருக்கும் கணக்கு. 2022 கோடையில் சனம் விடியமுன்பே வரிசையில் நின்றதையும் பார்த்தோம், ஆகவே கணக்கை மட்டும் நம்பிப் பயணச்சீட்டு வாங்க வேண்டாம். இலங்கைக்குப் போகிறவர்கள் கடவுச்சீட்டில் 6 மாதமாவது மீதி இருக்கிறதா என்று பாருங்கள். ஊரில் செத்தவீடு என்று செய்தி வந்தால் அவசர சேவை உண்டு, மேலதிகக் கட்டணத்துடனும் பயணத்துக்கான ஆதாரத்துடனும் அடுத்த வேலை நாளிலேயே எடுக்கலாம். குடியுரிமைச் சான்று கையில் இருப்பவருக்கே அது உதவும். நீலப் பயணப் பத்திரத்துக்கு அந்த வேகத்தை எதிர்பார்க்க முடியாது. வயதான பெற்றோரை ஊரில் வைத்திருப்பவர்கள், தகுதி வந்த அன்றைக்கே குடியுரிமைக்கு விண்ணப்பியுங்கள்.